பாசி தீர்ந்த தொட்டியில் பிளென்னி
பாறையிலும் கண்ணாடியிலும் படியும் பாசியைச் சீப்புப் போன்ற நுண்பற்களால் சுரண்டித் தின்னும் லான்மோவர் பிளென்னி என்ற மீன், என் கடல்நீர்த் தொட்டியைப் பளிச்சென்று ஆக்கிய பிறகு மெலியத் தொடங்கியது. பக்கவாட்டில் பார்த்தால் வயிறு உள்வாங்கியிருந்தது. உப்பளவைக் காட்டும் ஒப்படர்த்தி 1.025, வெப்பநிலை 25 பாகை செல்சியஸ் என நீரில் குறையேதும் இல்லாததால், பசிதான் காரணம் என்று முடிவு செய்தேன். கிளிப்பில் தொங்கவிட்ட நோரி எனும் உலர் கடற்பாசித் தாளை அது ஏறெடுத்தும் பார்க்கவில்லை. கல்லை மேய்ந்தே பழகிய மீனுக்கு, நீரில் ஆடும் தாள் உணவாகத் தெரியாததில் வியப்பில்லை. ஆகவே, சொரசொரப்பான கல்லொன்றில் நோரியை ரப்பர் வளையத்தால் இறுக்கிக் கட்டி, அது ஒளிந்திருக்கும் பொந்தின் அருகே வைத்தேன். முதலில் ஓரத்தைக் கொத்திப் பார்த்த மீன், பின்னர் கல்லோடு சேர்த்துச் சுரண்டித் தின்றது. மிச்சத்தை அன்றன்றே அகற்றாவிட்டால் நீரில் நைட்ரேட் என்னும் கழிவுப்பொருள் ஏறும். வயிறு மீண்டும் உருண்டுவிட்டது என்றாலும், பின்பக்கக் கண்ணாடியில் வளரும் மென்பாசியை அதற்கென்றே துடைக்காமல் விட்டுவைக்கிறேன்.