78-ஐ நம்பிக் காய்ச்சி வடிக்காதீர்கள்

எத்தனால் 78 டிகிரியில் கொதிக்கும், தண்ணீர் 100-இல் கொதிக்கும், அதனால் கலவையை 78-இல் வைத்திருந்தால் எத்தனால் மட்டும் ஆவியாகிப் போகும், தண்ணீர் குடுவையிலேயே தங்கிவிடும் என்றுதான் நம்மில் பலர் நினைக்கிறோம். பரீட்சையில் அப்படி எழுதினால் மார்க்கும் விழுந்துவிடுகிறது, அதுதான் தொல்லை.

எடையில் பாதிக்குப் பாதி கலந்த எத்தனாலும் தண்ணீரும் 78-இல் கொதிக்காது; கிட்டத்தட்ட 82 ஆக வேண்டும். அப்போது எழும் ஆவியில் இரண்டுமே இருக்கும், எத்தனால் முக்கால் பங்குக்குச் சற்று மேல், மீதி தண்ணீர். தண்ணீர் ஆவியாவதற்கு 100 வரை காத்திருப்பதில்லை, கொடியில் போட்ட துணி காய்கிறதே! ஆக, ஒருமுறை வடித்தால் கிடைப்பது கொஞ்சம் செறிவு கூடிய கலவை, அவ்வளவுதான். பின்னக் காய்ச்சி வடித்தலில் குடுவைக்கு மேலே ஒரு நீளக் குழாய் வைப்பது இதற்காகத்தான்: ஆவி அதற்குள் குளிர்ந்து, வழிந்து, மறுபடி ஆவியாகி, ஒவ்வொரு சுற்றிலும் எத்தனால் கூடிக்கொண்டே மேலே ஏறும். அவசரப்பட்டுத் தீயைக் கூட்டினால் அந்தச் சுற்றுகளுக்கு நேரமே இருக்காது, குழாய் வைத்தும் வைக்காத கதைதான்.

சரி, பொறுமையாகச் செய்தால் 100 சதவீதம் வருமா? வராது. சாதாரணக் காற்றழுத்தத்தில் எடையில் 95.6 சதவீதத்தை எட்டியதும் திரவமும் ஆவியும் ஒரே கலவையாகிவிடும், அதற்கு மேல் எத்தனை முறை வடித்தாலும் பயனில்லை. இதைத்தான் கொதிநிலை மாறாக் கலவை என்கிறோம். மிச்சத் தண்ணீரை எடுக்க வேறு வழி பார்க்க வேண்டும்.

அப்புறம் வெப்பமானி. கல்லூரி லேபில் நான் அதன் குமிழைத் திரவத்துக்குள்ளேயே முக்கிவிட்டு, 'ஏன் இவ்வளவு காட்டுகிறது' என்று அரை மணி நேரம் விழித்திருக்கிறேன். நமக்கு வேண்டியது வெளியேறும் ஆவியின் வெப்பநிலை, எனவே குமிழ் பக்கக் குழாயின் வாய்க்குச் சற்றுக் கீழே நிற்க வேண்டும். ஆவியைக் குளிரவைக்கும் கண்டென்சரின் வெளி உறையில் தண்ணீரை மேலிருந்து விட்டால் அது முழுக்க நிரம்பாது, கீழிருந்து விடுங்கள். திரவம் சீராகக் கொதிக்கப் போடும் பீங்கான் துண்டை மறந்துவிட்டால், பிறகு சூடான திரவத்தில் போடவே கூடாது, குபீரென்று பொங்கி முகத்தில் அடிக்கும், ஆறவிட்டுப் போடுங்கள். எல்லா வாயையும் இறுக்கி மூடி வைத்தால் அது வெடிகுண்டு. ஈதர் போன்றவற்றைக் கடைசிச் சொட்டு வரை வற்ற விடுவதும் அப்படித்தான், அடியில் சேரும் பெராக்சைடு வெடிக்கும்.

கொதிநிலை ஊருக்கு ஊர் மாறும் என்பதையும் மறந்துவிடுகிறோம். சுமார் 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஊட்டியில் தண்ணீர் 93 டிகிரிக்குள்ளேயே கொதித்துவிடும். அதே நீலகிரியில் யூகலிப்டஸ் இலையைத் தண்ணீரோடு கொதிக்கவைத்துத் தைலம் எடுப்பதைப் பாருங்கள். தைலத்தின் முக்கியப் பொருளான சினியோலின் கொதிநிலை சுமார் 176 டிகிரி. அவ்வளவு சூடாக்க வேண்டும் என்று நினைத்தால் தப்பு. தைலமும் தண்ணீரும் ஒன்றோடொன்று கலக்காதவை, அதனால் இரண்டின் ஆவியழுத்தமும் கூடிக் காற்றழுத்தத்தை எட்டினாலே போதும், தண்ணீரின் கொதிநிலைக்கும் கீழேயே இரண்டும் சேர்ந்து வடிந்துவிடும். வடிந்ததைப் பிடிக்கும் பாத்திரத்தில் தைலம் மேலே மிதக்கும், பிரித்தெடுக்க வேண்டியதுதான்.