துடைப்பக் கம்பும் பூப்பந்துத் திடலும்: மஸ்கெட் காலப் போர்முறையை மாணவர்களுக்கு நடத்திக் காட்டுவது எப்படி

பினாங்கின் கார்ன்வாலிஸ் கோட்டைக்கு மாணவர்களை அழைத்துப் போனால் ஒரு கேள்வி கட்டாயம் வரும்: "ஏன் சார், மறைஞ்சு சுடாம எல்லாரும் வரிசையா நின்னு சுட்டாங்க? பைத்தியமா?" வாயால் விளக்கினால் எடுபடாது. கோட்டைக்குப் போவதற்கு முதல் வாரம், பள்ளித் திடலில் ஒரு மணி நேரம் இதை நடத்திவிடுங்கள்.

தேவையானவை: 22 துடைப்பக் கம்புகள், 22 பகடைகள், 36 நெகிழிக் குவளைகள், ஒரு வெள்ளை வேட்டி, ஒரு பந்து, சுண்ணக்கட்டி, நேரம் பார்க்க ஒரு கைப்பேசி. கம்பின் இரு முனையிலும் துணி சுற்றிக் கட்டுங்கள். துப்பாக்கி வடிவில் செதுக்கவோ கறுப்புச் சாயம் அடிக்கவோ வேண்டாம். மலேசியாவின் 1960ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம் போலித் துப்பாக்கியையும் விட்டுவைப்பதில்லை. வெறும் கம்பே போதும்.

முதலில் மஸ்கெட்டைப் பற்றி, அதாவது மருந்தையும் குண்டையும் குழலின் வாய்வழியே போட்டுச் சுடும் அக்காலத் துப்பாக்கியைப் பற்றி, சுருக்கமாகச் சொல்லுங்கள். கிழக்கிந்தியக் கம்பெனிப் படையிடம் இருந்த 'இந்தியா பேட்டர்ன்' மஸ்கெட்டின் குழல் 99 செ.மீ. நீளம், எடை ஏறக்குறைய நாலரைக் கிலோ. குழலின் உள்வாய் 19 மி.மீ., ஈயக்குண்டோ 17.5 மி.மீ.தான். இந்த இடைவெளி வேண்டுமென்றே விடப்பட்டது. கருமருந்து எரிந்தால் பாதிக்கு மேல் கரியும் கசடுமாகத்தான் மிஞ்சும்; அதில் ஒரு பகுதி புகையோடு போகும், மிச்சம் குழலில் படியும். குண்டு இறுக்கமாக இருந்தால் பத்துப் பதினைந்து சுடலுக்குப் பிறகு உள்ளே இறங்காது. இறங்குவதற்காக விட்ட இடைவெளியில் குண்டு தட்டுத்தடுமாறி வெளியே வரும். எந்தப் பக்கம் போகும் என்று சுடுபவருக்கே தெரியாது. நூறு மீட்டருக்கு அப்பால் ஒரு தனி ஆளைக் குறிவைப்பது வீண் வேலை. மற்றதெல்லாம் இந்த ஒன்றரை மில்லிமீட்டரிலிருந்து வந்த வினை.

மருந்து கெட்டிப்பதைக் கம்பை வைத்துப் பழக்குங்கள். ஒவ்வொரு படியையும் எல்லோரும் உரக்கச் சொல்ல வேண்டும்:

1. சுத்தியலைப் பாதி பின்னுக்கு இழு.
2. காகிதத் தோட்டாவை (மருந்தும் குண்டும் வைத்துச் சுற்றிய பொட்டலம்) பல்லால் கடித்துக் கிழி.
3. குழலின் பக்கத்திலுள்ள மருந்துக் கிண்ணத்தில் ஒரு சிட்டிகை போட்டு மூடு.
4. துப்பாக்கியை நிமிர்த்தி, மிச்ச மருந்தைக் குழலில் கொட்டு. குண்டையும் காகிதத்தையும் மேலே போடு.
5. கெட்டிக்கோலை உருவிக் குத்து. திரும்ப அதன் இடத்தில் செருகு.
6. சுத்தியலை முழுக்க இழு, நீட்டு, சுடு.

தேர்ந்த சிப்பாய்க்கு இதற்கு 20 விநாடி, அதாவது நிமிடத்துக்கு மூன்று சுடல். மாணவர்களும் கைப்பேசியைப் பார்த்து 20 விநாடிக்குள் முடிக்கட்டும். எங்கே தப்பு நடக்கும் என்பதையும் அப்போதே காட்டுங்கள். பதற்றத்தில் கெட்டிக்கோலைக் குழலிலேயே விட்டுச் சுட்டால் அது குண்டோடு பறந்துவிடும்; அடுத்த சுடலுக்குக் கெட்டிக்க எதுவும் இராது. கிண்ணத்துக்கும் குழலுக்கும் நடுவிலுள்ள துளையில் கசடு அடைத்தால், கிண்ணத்து மருந்து மட்டும் பளிச்சென்று எரிந்து அணைந்துவிடும். கூச்சலில் அதைக் கவனிக்காமல் இன்னொரு தோட்டாவையும் திணித்தவர் அடுத்த முறை தோள் நொறுங்க அடி வாங்குவார், சமயத்தில் குழலே பிளக்கும். ஆகவே ஒவ்வொரு சுடலுக்கும் ஆளுக்கு ஒரு பகடையை உருட்டட்டும்; 1 விழுந்தால் சுடவில்லை என்று பொருள். அவர் கையைத் தூக்கி, துளையைக் குத்துவதுபோல் நடிக்க வேண்டும். நேராக அடுத்த தோட்டாவுக்குப் போனால் ஆட்டத்திலிருந்து வெளியே.

இனி வரிசை. பூப்பந்துத் திடலின் பின்கோடு 6.1 மீட்டர். ஓர் ஆளுக்கு 55 செ.மீ. என்பது அக்காலப் பயிற்சி அளவு. கணக்குப் போட்டால் ஒரு வரிசைக்குச் சரியாக 11 பேர், இரண்டு வரிசைக்கு 22. தோளோடு தோள் உரசும், உரசத்தான் வேண்டும். குறி தப்பும் துப்பாக்கியை ஒரே இடத்தில் குவித்தால்தான் அதற்குப் பலன் உண்டு. மூன்றாவது வரிசை நிறுத்திப் பாருங்கள்: பின்னால் நிற்பவரின் கம்பு முன்னவர் காதை இடிக்கும். பிரிட்டிஷ் படை இரண்டு வரிசைக்கு வந்ததற்கு அதுவும் ஒரு காரணம். அந்த இரட்டை வரிசையால் பின்னாளில் பேர்பெற்ற பிரிட்டிஷ் தளபதி ஆர்தர் வெல்லெஸ்லி, 1797இல் மணிலா படையெடுப்புக்காகப் பினாங்கில் வந்து தங்கியவர்தான். அந்தப் படையெடுப்பு நடக்கவே இல்லை.

இதற்கு முந்தைய திரித் துப்பாக்கியை ஒரே நிமிடத்தில் காட்டிவிடலாம். கையில் எரியும் திரியோடு மருந்தைக் கையாள்பவர்கள் ஒட்டி நிற்க முடியுமா? ஆளுக்கு ஒரு மீட்டர் விடச் சொல்லுங்கள், அதே கோட்டில் ஆறு பேருக்குத்தான் இடம் இருக்கும்.

அடுத்தது தூரம். திடலில் 108 எட்டு (நடக்கும்போது வைக்கும் காலடி) தள்ளி 36 குவளைகளை எதிரியாக வையுங்கள். நிமிடத்துக்கு 108 எட்டு என்பது விரைவு நடை. ஒரு மாணவர் அந்த வேகத்தில் குவளைகளின் சார்பாக நடந்து வரட்டும். ஒரு நிமிடத்தில் வந்து சேர்வார், அதாவது மூன்று சுடல். 108 எட்டில் பகடை 6 விழுந்தால்தான் குண்டு படும். 72இல் 5, 6. 36இல் 4, 5, 6. முதல் சுடல் முடிந்ததும் வேட்டியை விரித்து இருவர் வரிசைக்கு முன்னால் பிடிக்க வேண்டும். அதுதான் புகை. அதன் பிறகு ஒவ்வொரு தூரத்திலும் வெற்றி எண்களில் சிறியது கழியும். ஒரே சுடலில் ஒன்பது குவளை, அதாவது கால்வாசி, விழுந்தால் எதிரி கலைந்து ஓடுகிறான். (இவை ஆட்டத்துக்காக வகுத்த எண்கள், போர்க்களப் புள்ளிவிவரம் என்று எழுதிக்கொள்ள வேண்டாம்.)

முதல் சுற்றில் மூன்று தூரத்திலும் சுடவிடுங்கள். அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குவளை விழும், ஆனால் எதிரி பெரும்பாலும் வந்து சேர்ந்துவிடுவான். இரண்டாவது சுற்றில் 36 எட்டு வரை யாரும் சுடக்கூடாது. மாணவர்கள் துடிப்பார்கள், ஒருவராவது முந்திக்கொண்டு சுடுவார். அவரைத் திட்டாதீர்கள், அது நிஜத்திலும் நடந்ததுதான். புகையில்லாத அந்த ஒரே சுடலில் பதினொன்று அளவில் விழும். காத்திருப்பதற்கு ஏன் அவ்வளவு கடும் பயிற்சி என்பது அப்போது புரியும்.

குதிரைப்படைக்கு மிச்சமுள்ள மாணவர்களை ஓடவிடுங்கள். பாய்ந்து வரும் குதிரை கடைசி நூறு மீட்டரைச் சுமார் 15 விநாடியில் கடக்கும். கெட்டிக்கவோ 20 விநாடி. அதனால்தான் அணியைப் பிரிவுகளாக்கி, ஒன்று சுடும்போது இன்னொன்று கெட்டிக்குமாறு வைத்தார்கள். அதுவும் போதாது. கம்புகளைச் சாய்வாக ஊன்றி நாற்புறமும் பார்த்த சதுரமாக நிற்கச் சொல்லுங்கள். கம்பு நுனியில் பயனெட், அதாவது துப்பாக்கி முனையில் மாட்டும் கத்தி, இருப்பதாக நினைத்துக்கொள்ளட்டும். தமிழ் அகராதியில் அதற்குத் துப்பாக்கிச் சனியன் என்று பெயர். சங்கீன் என்ற இந்துஸ்தானிச் சொல் நம் வாயில் சனியனாகிவிட்டது. ஓடி வருபவர்கள் மூன்று மீட்டர் தள்ளிப் போட்ட சுண்ணக்கோட்டில் நின்றுவிட வேண்டும், இதில் சலுகை வேண்டாம். பிறகு பந்தை உருட்டுங்கள். நீண்ட வரிசையில் இரண்டு கால்களில்தான் படும். சதுரத்தில் ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கமும் இடிக்கும். பீரங்கிக்குச் சதுரம் பிடிக்கும்.

மழை வந்தால் நிறுத்தாமல் அதையும் பாடமாக்குங்கள்: நனைந்த கிண்ணம் பற்றாது. 1757இல் பிளாசிப் போரில் மழை பெய்தபோது வங்காள நவாப் சிராஜ் உத்தௌலாவின் பீரங்கி மருந்து நனைந்தது, கம்பெனித் தளபதி கிளைவின் ஆட்கள் தார்ப்பாய் போட்டு மூடியிருந்தார்கள்.

கோட்டைக்குள் நுழைந்ததும் மாணவர்கள் 1603இல் வார்த்த ஸ்ரீ ரம்பாய் பீரங்கியிடம் ஓடத்தான் செய்வார்கள். முதலில் அவர்களை மூலைக் கொத்தளத்துக்கு அழைத்துப் போங்கள். இருவரை அதன் பக்கவாட்டில் நிறுத்தி, மதிலை ஒட்டி நடக்கும் ஒருவரைப் பார்க்கச் சொல்லுங்கள். அவர் மதிலுக்கு எவ்வளவு நெருங்கினாலும் அவர்கள் பார்வையிலிருந்து தப்ப மாட்டார். கொத்தளம் ஏன் அம்புமுனைபோல் வெளியே துருத்தி நிற்கிறது என்று அப்போது கேளுங்கள், பதில் அவர்களிடமிருந்தே வரும்.