நகசெண்டோவில் ஒரு நாள் நடை: தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஜப்பானின் கிசோ பள்ளத்தாக்கில் மகோமே, சுமாகோ என்று இரண்டு மலையூர்கள் இருக்கின்றன. இரண்டுக்கும் இடையே நகசெண்டோ என்ற பழைய நெடுஞ்சாலையின் எட்டு கிலோமீட்டர் பாதை. நிதானமாக நடந்தால் மூன்று மணி நேரம் பிடிக்கும். இந்தப் பாதையில் நான் இரண்டு முறை வழிகாட்டியோடு நடந்திருக்கிறேன். முதல் முறை சுமாகோவுக்குள் நுழைந்தபோது மாலை நாலரை மணி. நவம்பர் மாதம்; வெயில் எப்போதோ மலைக்குப் பின்னால் போய்விட்டிருந்தது. ஒரு கடைக்கார அம்மாள் மரப்பலகைகளை ஒவ்வொன்றாக எடுத்து வாசலை அடைத்துக்கொண்டிருந்தார். எந்த ஊரைப் பார்க்க அவ்வளவு தூரம் வந்தோமோ, அந்த ஊரை அரையிருட்டில் பதினைந்து நிமிடம் பார்த்துவிட்டு வண்டியேறினோம்.

அடுத்த ஆண்டு அதே மாதத்தில் மறுபடியும் போனேன். பாதை அதேதான், தூரமும் அதேதான். ஆனால் இந்த முறை பாதை முழுவதும் நின்று நின்று நடந்தோம். முதல் நடையில் எதையெல்லாம் இழந்தேன் என்பது அப்போதுதான் புரிந்தது. என் அனுபவத்தில் இந்த ஒரு நாள் நடையைக் கெடுப்பது பெரும்பாலும் மழையோ ஏற்றமோ இல்லை. அவசரம்தான்.

பயண நிரலைப் படிக்கும் விதம்

முதல் தவறு வீட்டில் உட்கார்ந்து பணம் கட்டும்போதே நடந்துவிடுகிறது. மட்சுமோட்டோ கோட்டை, நராய், மகோமே, சுமாகோ என்று ஒரே நாளில் நான்கு பெயர்கள் இருந்தால், கொடுத்த காசுக்கு நிறையக் கிடைப்பதுபோலத் தோன்றும். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. அந்த நான்கு இடங்களுக்கு நடுவே மலைச்சாலையில் வண்டி ஓடும் நேரம் முழுவதும் நம் நடையிலிருந்து கழிக்கப்படுகிறது என்பதை நான் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை. மகோமேயில் இறங்கும்போதே மதியம் ஒன்றரை ஆகியிருந்தது.

நகோயாவிலிருந்து நகட்சுகவாவுக்கு விரைவு ரயிலில் ஏறத்தாழ 50 நிமிடம். அங்கிருந்து மகோமேவுக்குப் பஸ்ஸில் அரை மணி நேரம். காலை எட்டு மணிவாக்கில் நகோயாவை விட்டால் பத்து மணிக்கு நடக்கத் தொடங்கிவிடலாம். மகோமேயில் இறங்குவதற்கும் சுமாகோவை விட்டுக் கிளம்புவதற்கும் இடையில் குறைந்தது ஐந்து மணி நேரம் தரும் பயணத்தைத் தேர்ந்தெடுங்கள். அதில் வேறு எந்த ஊரும் வேண்டாம்.

வழிகாட்டியைப் பற்றியும் இப்போதே விசாரித்துவிடுவது நல்லது. ஜப்பானில் அரசுத் தேர்வு எழுதி உரிமம் பெற்ற மொழிபெயர்ப்பு வழிகாட்டிகள் இருக்கிறார்கள். 2018இல் சட்டம் மாறிய பிறகு உரிமம் இல்லாதவர்களும் கட்டணம் வாங்கிக்கொண்டு வழிகாட்டலாம். நான் பார்த்தவரை, உரிமத்தைக் காட்டிலும் முக்கியமான கேள்வி, அவர் இந்தப் பள்ளத்தாக்கை எவ்வளவு காலமாக அறிந்தவர் என்பதுதான். குழுவில் எத்தனை பேர் என்றும் கேளுங்கள். பாதை பல இடங்களில் ஒற்றையடியாகக் குறுகுகிறது. இருபது பேர் வரிசையில் போனால் பின்னால் வருபவருக்கு வழிகாட்டியின் குரலே எட்டாது.

இது என்ன பாதை என்று தெரியாமல் போவது

நகசெண்டோ என்றால் ‘நடுமலைப் பாதை’ என்று சொல்லலாம். எடோ என்ற பழைய டோக்கியோவையும் கியோட்டோவையும் மலைகளின் வழியே இணைத்த 530 கிலோமீட்டருக்கும் மேற்பட்ட நெடுஞ்சாலை அது. 1602இல் அப்போதைய ஆட்சியாளர் தொகுகவா இயேயசு அதில் பயணிகள் தங்கிச் செல்லும் சாவடி ஊர்களை முறைப்படுத்தினார். மொத்தம் 69. அவற்றில் சுமாகோ 42ஆவது, மகோமே 43ஆவது. நாம் நடப்பது அந்த 69 ஊர்களில் ஒன்றிலிருந்து அடுத்ததற்கு மட்டும்தான்.

அதே இரு நகரங்களுக்கு இடையே கடலோரமாக டோகைடோ என்ற பாதையும் இருந்தது. அது குறுகியது, சமதளமானது. பிறகு ஏன் மலையேறினார்கள்? கடலோரப் பாதையில் பெரிய ஆறுகள் குறுக்கிட்டன. ஓய் ஆற்றில் பாலமே கிடையாது. வெள்ளம் வந்தால் நாட்கணக்கில் கரையில் காத்துக் கிடக்க வேண்டும். மலைப்பாதையில் ஏற்றம் உண்டு, ஆனால் எந்த நாளில் எங்கே போய்ச் சேர்வோம் என்று ஓரளவு சொல்ல முடியும். 1861இல் நாட்டை ஆண்ட படைத்தலைவரான ஷோகனை மணக்க எடோவுக்குப் போன இளவரசி கசுனோமியாவின் பெரும் பரிவாரம் இந்த வழியாகத்தான் சென்றது.

சாவடி ஊர் என்பது வெறும் தங்குமிடமாக மட்டும் இருக்கவில்லை. அரசாங்கத் தூதுவர்களுக்கும் பிரபுக்களுக்கும் சுமை தூக்க ஆட்களையும் குதிரைகளையும் எந்நேரமும் தயாராக வைத்திருக்க வேண்டியது அந்த ஊராரின் கடமை. கிசோவின் ஊர்களுக்கு இந்தக் கணக்கு 25 ஆள், 25 குதிரை. ஊரின் நுழைவாயிலில் பாதை திடீரென்று செங்கோணமாக இரண்டு முறை திரும்பும். பாய்ந்து வரும் படையைத் தடுத்து நிறுத்துவதற்காக அப்படி அமைத்தார்கள். இவற்றை முன்கூட்டியே கொஞ்சம் படித்துவிட்டுப் போனால் வழிகாட்டியிடம் அடுத்த கேள்வியைக் கேட்க முடியும். படிக்காமல் போனால் அடிப்படை விவரங்களைச் சொல்வதிலேயே அவருடைய நேரம் கரைந்துவிடும்.

மகோமேயில் நேரத்தைச் செலவழித்துவிடுவது

மகோமே அழகான ஊர். சரிவில் கற்பாதை, ஓரத்தில் சலசலக்கும் நீர், திரும்பிப் பார்த்தால் எனா மலை. எல்லோரும் அங்கே ஒன்றரை மணி நேரம் நின்றுவிடுகிறார்கள். ஆனால் அந்த ஊர் 1895இலும் 1915இலும் தீயில் எரிந்துபோனது. இன்று நாம் பார்க்கும் வீடுகள் பெரும்பாலும் அதற்குப் பிறகு எழுந்தவை. பழைய மரவீடுகள் நிற்பது சுமாகோவில். மகோமேயில் முக்கால் மணி நேரம் போதும் என்பது என் கணிப்பு.

எந்தத் திசையில் நடப்பது என்பதையும் சொல்லிவிடுகிறேன். மகோமே ஏறத்தாழ 600 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, கணவாய் 790 மீட்டர், சுமாகோ சுமார் 420. மகோமேயிலிருந்து கிளம்பினால் முதல் இரண்டு கிலோமீட்டரில் ஏற்றம் முடிந்துவிடும், மீதியெல்லாம் இறக்கம். எளிது என்று இதைத்தான் பெரும்பாலோர் தேர்ந்தெடுக்கிறார்கள். முழங்கால் வலி உள்ளவர்களுக்கு நீண்ட இறக்கம்தான் சிரமம் தரும். அவர்கள் ஊன்றுகோல் எடுத்துக்கொள்ளட்டும், அல்லது எதிர்த்திசையில் நடக்கட்டும்.

காலணி விஷயத்தில் பலர் சறுக்குகிறார்கள். மலையேற்றக் காலணி அவசியமில்லை, ஆனால் அடிப்பாகம் நன்றாகப் பிடிக்க வேண்டும். மழை பெய்தாலோ இலை உதிர்ந்து கிடந்தாலோ பழைய கற்கள் எண்ணெய் தடவியதுபோல வழுக்கும். குளிர்காலத்தில் நிழலான இடங்களில் பனிக்கட்டி உறைந்திருக்கும். பெட்டியை இழுத்துக்கொண்டு வந்து திண்டாடுபவர்களையும் பார்த்தேன். நடைப்பருவத்தில் இரண்டு ஊர்களின் சுற்றுலா அலுவலகங்களுக்கு இடையே பெட்டிகளைக் கொண்டுசேர்க்கும் சேவை உண்டு. காலையில் ஒப்படைத்தால் பிற்பகலில் அடுத்த ஊரில் பெற்றுக்கொள்ளலாம். குளிர்காலத்தில் அது நடக்காது என்பதால் முன்பே விசாரியுங்கள்.

வழியில் ஆங்காங்கே கம்பத்தில் பெரிய மணிகள் தொங்குகின்றன. அலங்காரம் என்று நினைத்துச் சிலர் கடந்துபோகிறார்கள், சிலர் வெட்கப்பட்டு மெல்லத் தட்டுகிறார்கள். அது கரடிக்காக வைத்த மணி. இந்தக் காடுகளில் ஆசியக் கருங்கரடிகள் உண்டு. ஆள் வருவது முன்னமே தெரிந்தால் அவை விலகிப் போய்விடும். காடு அதிரும்படி அடியுங்கள். ஒவ்வொரு மணியையும் அடியுங்கள், முன்னால் போனவர் அடித்திருந்தாலும்.

தேநீர்க் குடிலைத் தாண்டி ஓடுவது

எனக்கு நேர்ந்த பெரிய இழப்பு இதுதான். கணவாயைத் தாண்டிக் காட்டுக்குள் இறங்கினால் இச்சிகொகுதோச்சி என்ற இடத்தில் பழைய தேநீர்க் குடில் ஒன்று வரும். தன்னார்வலர்கள் நடத்துகிறார்கள். தேநீருக்குக் காசு கேட்பதில்லை. முதல் முறை எங்களுக்குக் கொடுத்த நேரம் ஐந்து நிமிடம். நின்றபடியே குடித்துவிட்டு ஓடினோம்.

இரண்டாம் முறை உள்ளே போய் உட்கார்ந்தோம். தரையின் நடுவே சதுர அடுப்பு. மேலிருந்து இறங்கும் கொக்கியில் இரும்புக் கெண்டி. உத்தரங்கள் புகை படிந்து கருத்திருக்கின்றன. கண் பழகிய பிறகுதான் அவை தனித்தனி மரங்கள் என்பதே தெரிகிறது. முதியவர் ஒருவர் எங்கள் கோப்பைகளை நிரப்பிவிட்டு விறகைச் சற்றே தள்ளிவைத்தார். எங்கள் வழிகாட்டி கோப்பையைக் கீழே வைத்துவிட்டு வெளியே கையைக் காட்டினார். அங்கே ஒரு காலத்தில் மரக்காவல் சாவடி இருந்ததாம்.

கிசோவின் காடுகள் ஓவாரி பிரபுக்களுக்குச் சொந்தமாக இருந்தன. ஹினோகி, சவாரா, அசுனாரோ, நெசுகோ, கோயாமாகி என்ற ஐந்து மரங்களைப் பொதுமக்கள் வெட்டக்கூடாது. ‘ஒரு மரத்துக்கு ஒரு தலை’ என்று ஊரில் சொல்வார்களாம். வெட்டியவன் தலை போகும் என்று பொருள். இந்தச் சாவடியில் சின்ன மரச்சாமான்களைக்கூட அனுமதி முத்திரை இருக்கிறதா என்று சோதித்தார்கள். 1869 வரை அந்தக் காவல் நீடித்தது.

சுமாகோ போய்ச் சேர்ந்ததும் வழிகாட்டி எங்களை நேராக ஒகுயா என்ற பெரிய வீட்டுக்குள் அழைத்துப் போனார். உயர்குடிப் பயணிகளின் இரண்டாம் நிலை விடுதியாக இருந்த அந்த வீடு 1877இல் புதிதாகக் கட்டப்பட்டது. உள்ளங்கையைத் தூணில் வைக்கச் சொன்னார். எல்லாம் ஹினோகி. காவல் விலகி எட்டே ஆண்டுகளில், தலைமுறை தலைமுறையாகக் கண்ணால் மட்டும் பார்த்த மரத்தை அந்தக் குடும்பம் வீடு முழுக்க நிறுத்திவிட்டது. தேநீர்க் குடிலில் உட்காராமல் வந்திருந்தால் அது எனக்கு வெறும் தூணாகத்தான் இருந்திருக்கும். முதல் ஆண்டு அந்தக் கதவைத் திறந்து பார்க்கக்கூட நேரமில்லை.

குடிலில் காணிக்கைப் பெட்டி இருந்தால் சில நாணயங்கள் போடுங்கள். அங்கிருக்கும் விறகு யாரோ சுமந்து வந்தது.

சுமாகோவைக் காட்சிக்கூடமாக நினைப்பது

இந்த ஊர் பிழைத்த விதத்தைத் தெரிந்துகொண்டால் அங்கே எப்படி நடந்துகொள்வது என்பது தானாகவே விளங்கும். 1892இல் புதிய சாலை வேறு வழியாகப் போனது. 1911இல் ரயில் பாதை முழுமையடைந்தது. நடந்து போவதற்கு ஆளில்லை. ஊர் வறண்டு இளைத்தது. புதிதாகக் கட்டப் பணம் இல்லாததால் பழைய வீடுகள் அப்படியே நின்றன. 1968இல் அவற்றைப் பழுதுபார்க்கும் வேலை தொடங்கியது. 1971இல் ஊரார் கூடி மூன்று உறுதிகள் எடுத்துக்கொண்டார்கள்: விற்க மாட்டோம், வாடகைக்கு விட மாட்டோம், இடிக்க மாட்டோம். 1976இல் நாட்டின் முதல் பாதுகாக்கப்பட்ட மரபுக் கட்டடப் பகுதிகளில் ஒன்றாக அரசு இதை அறிவித்தது. மின்கம்பிகளைக் கண்ணில் படாமல் மறைத்தார்கள். பகலில் தெருவுக்குள் கார் வரக்கூடாது என்று வைத்தார்கள்.

ஆகவே அந்த மரச்சட்டக் கதவுகளுக்குப் பின்னால் குடும்பங்கள் வாழ்கின்றன. திறந்திருக்கும் வாசல் எல்லாம் கடை வாசல் என்று எண்ணி உள்ளே எட்டிப் பார்க்காதீர்கள். பாதையில் குப்பைத்தொட்டி கிடைப்பது அரிது. ஒரு பையில் போட்டுத் திரும்பக் கொண்டுவாருங்கள். சிறு கடைகள் பலவற்றில் அட்டை செல்லாது, யென் நாணயங்களும் தாள்களும் கையில் இருக்கட்டும்.

சாப்பாட்டில் சைவர்கள் கவனமாக இருக்க வேண்டும். சோபா நூடுல்ஸைப் பார்த்தால் காய்கறிச் சாப்பாடுபோலத்தான் தெரியும். அதன் சாறு பெரும்பாலும் உலர்மீன் போட்டுக் காய்ச்சியது. முன்பதிவின்போதே வழிகாட்டிக்கு எழுதிவிடுங்கள். கையில் பிடித்துத் தின்ன கோஹெய் மோச்சி இருக்கிறது: மசித்த சோற்றைக் குச்சியில் அழுத்தி, அக்ரூட்டும் எள்ளும் மிசோ என்ற சோயா விழுதும் கலந்த பூச்சைத் தடவித் தணலில் வாட்டியது. அதன் பூச்சையும் ஒருமுறை கேட்டுக்கொள்வது நல்லது. இலையுதிர்காலத்தில் போனால் நகட்சுகவாவில் குரி கின்டோன் என்ற கஷ்கொட்டை இனிப்பை வாங்காமல் வராதீர்கள்.

வழிகாட்டிக்கு இனாம் கொடுக்கும் வழக்கம் அங்கே இல்லை. கொடுத்தால் அவர் சங்கடப்படுவார். நேரத்துக்கு வருவதும், கேள்வி கேட்பதும், முடிவில் நன்றி சொல்வதும் போதும். நாம் பத்து நிமிடம் தாமதித்தால் அந்தப் பத்து நிமிடத்தை அவர் எங்கிருந்தாவது வெட்டியாக வேண்டும். பெரும்பாலும் தேநீரிலிருந்துதான் வெட்டுவார்.

திரும்பும் பஸ்ஸைப் பற்றி ஒரு வார்த்தை. சுமாகோவிலிருந்து நகிசோ ரயில் நிலையத்துக்குப் பஸ்ஸில் பத்து நிமிடம்கூட ஆகாது, ஆனால் ஒரு நாளைக்கு ஓடுவதே சில வண்டிகள்தான். விரைவு ரயில்களும் எல்லாமே நகிசோவில் நிற்பதில்லை. இரண்டையும் காலையிலேயே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். பஸ்ஸுக்கு நெடுநேரம் இருந்து, வெளிச்சமும் இருந்தால் நடந்தே போகலாம். மூன்றரை கிலோமீட்டர், ஒரு மணி நேரம். பழைய நகசெண்டோவே நிலையத்துப் பக்கம் கொண்டுவிடும். இரண்டாம் முறை நாங்கள் அப்படித்தான் போனோம். அந்தப் பகுதியில் எங்களைத் தவிர வேறு நடப்பவர் யாரும் இல்லை. ஒரு வீட்டின் இறவாரத்தில் தோல் சீவிய சீமைப்பனிச்சைப் பழங்களைக் கயிற்றில் கோத்து உலரவிட்டிருந்தார்கள். வழிகாட்டி அங்கே நின்றார், நாங்களும் நின்றோம்.