மிச்ச நூலில் நத்தார் அலங்காரம்: மாரி மழையில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

குழந்தைத் தொப்பி பின்னியதில் கொஞ்சம், மேசை விரிப்பில் கொஞ்சம் என்று வீட்டில் சேரும் மிச்ச நூலை எறிய யாருக்கும் மனம் வராது. அதில் குஞ்சமும் பந்தும் நட்சத்திரமும் செய்து நத்தார் மரத்தில் தூக்குவது நல்ல யோசனைதான். ஆனால் இந்தக் கைவேலைக்குச் சொல்லப்படும் செய்முறைகளில் பல, டிசெம்பரில் ஈரமில்லாமல் சூடேற்றிய வீடுகளை மனதில் வைத்துச் சொல்லப்பட்டவை. திருகோணமலையில் டிசெம்பர் என்றால் வடகீழ்ப் பருவமழை. கடற்காற்றின் ஈரம் வேறு. அந்தச் செய்முறையை எழுத்துப் பிசகாமல் பின்பற்றுவதுதான் இங்கே முதல் தவறு.

பலூனில் நூல் சுற்றிச் செய்யும் பந்தை எடுங்கள். பசையில் தோய்த்த நூலைப் பலூன்மேல் குறுக்கும் நெடுக்கும் சுற்றி, காய்ந்ததும் பலூனை எடுத்துவிடுவோம். ஒரு நாள் காய்ந்தால் போதும் என்பார்கள். நம் ஊர் மழையில் போதாது. வெளியே தொட்டால் காய்ந்தது மாதிரி இருக்கும். நூல் ஒன்றன்மேல் ஒன்று ஏறுகிற இடங்களிலும் பலூனோடு ஒட்டிய பக்கத்திலும் பசை இன்னும் பால்வெள்ளையாக நிற்கும். அந்த வெள்ளை முழுக்க மறைந்து நிறமில்லாமல் தெளியும்வரை, இரண்டு மூன்று நாளானாலும், பலூனில் கை வைக்காதீர்கள். அவசரப்பட்டு ஊசியால் குத்தினால், சுருங்கும் பலூன் நூலையும் இழுத்துக்கொண்டு போய்ப் பந்து நசுங்கிவிடும். காய்ந்த பிறகும் படாரென்று உடைக்கவேண்டாம். பென்சிலின் பின்முனையால் இடைவெளிகளில் அழுத்திப் பலூனை நூலிலிருந்து பிரித்துவிட்டு, முடிச்சுக்குக் கிட்டச் சின்னதாய் வெட்டிக் காற்றை மெல்ல விடுங்கள்.

பசையைத் தண்ணீராய்க் கரைப்பதும் தவறு. இரண்டு பங்கு வெள்ளைப் பசைக்கு ஒரு பங்கு தண்ணீருக்கு மேல் வேண்டாம். இந்தப் பந்துக்குப் பருத்தி நூல்தான் சரி. அக்ரிலிக் நூல் ஈரத்தை அவ்வளவாக உறிஞ்சாது. பசை மேலாலே நின்று, காய்ந்தபின் உரிந்துவரும். இன்னொன்று, வெள்ளைப் பசை காய்ந்த பிறகும் ஈரம் பட்டால் இளகும். ஆகவே இந்தப் பந்துகளை விறாந்தையில் கட்டாதீர்கள். சாரல் அடிக்கும் ஒரே இரவில் தொய்ந்துவிடும். விறாந்தைக்குப் பசையே இல்லாத குஞ்சமும், நூலைச் சுற்றி நடுவில் கட்டி ஓரத்தை வெட்டிச் செய்யும் பஞ்சுப் பந்தும் (பொம்பொம்) போதும்.

பஞ்சுப் பந்தில் தவறு நடக்கும் இடம் ஒன்றே ஒன்று, நடுக்கட்டு. மட்டையில் சுற்றிய நூலை அதே மிச்ச நூலாலேயே கட்டினால், இழுக்கும்போது அது நீளும், அல்லது அறுந்துபோகும். கட்டு தளர்ந்தால் ஓரத்தை வெட்டியதும் இழை இழையாகக் கையோடு வரும். வலை பொத்தும் முறுக்கு நைலோன் நூல் நம் கரையில் தாராளமாகக் கிடைக்கிறது. அதைவிட நல்ல கட்டுநூல் இல்லை. தூண்டிலுக்குக் கட்டும் ஒற்றை இழைத் தங்கூசி வேண்டாம், அதன் வழுவழுப்பில் முடிச்சு வழுக்கும். முதல் முடிச்சில் நூலை ஒருமுறைக்குப் பதில் இருமுறை சுற்றி இழுங்கள், இரண்டாவது முடிச்சுப் போடும்வரை தளராது. சுற்றும்போது கஞ்சத்தனமும் கூடாது. 5 சென்டிமீட்டர் பந்துக்கு நடுத்தர நூலில் நூறு சுற்றாவது வேண்டும். வெட்டிய பந்து முதலில் பரட்டையாகத்தான் இருக்கும். அதைத் திருப்பித் திருப்பிப் பொறுமையாகக் கத்தரித்தால்தான் உருண்டை வடிவு வரும். பலர் அதற்கு முன்னமே கைவிட்டுவிடுகிறார்கள் என்பதுதான் எனக்குக் கவலை.

துண்டு நூல்களைக் கலக்கும்போது நிறத்தைவிடத் தடிப்பைப் பாருங்கள். தடித்ததும் மெல்லியதும் ஒரே பந்தில் சேர்ந்தால் ஒரு பக்கம் புடைக்கும். பிரித்தெடுத்த பழைய பின்னல் நூல் சுருண்டே இருக்கும். அதைத் தளர்வான கண்டாகச் சுற்றி, இளஞ்சூட்டுத் தண்ணீரில் அலசி, அடியில் சிறு பாரம் கட்டித் தொங்கவிட்டால் நேராகும். அயன் பண்ண நினைக்காதீர்கள்: கடையில் கம்பளி என்று விற்பதில் பெரும்பகுதி அக்ரிலிக், சூடு பட்டால் உருகி ஒட்டிக்கொள்ளும்.

ஈர்க்குகளில் நூல் சுற்றிச் செய்யும் நட்சத்திரத்துக்குப் பச்சைத் தென்னை ஈர்க்கு வேண்டாம். காயும்போது அது சுருங்க, சுற்றிய நூல் தளர்ந்துவிடும். நன்றாகக் காய்ந்த ஈர்க்கை எடுங்கள்.

இனி நெருப்பு. இதில் விட்டுக்கொடுக்கவே கூடாது. பாலன் குடிலில் வைக்கோலோடு நூல் தோரணமும் தொங்க, பக்கத்தில் மெழுகுதிரி எரிவதைப் பல வீடுகளில் பார்க்கலாம். அக்ரிலிக் தீப்பிடித்தால் உருகிச் சொட்டும், சொட்டும் துளி தோலில் ஒட்டும். மெழுகுதிரியைத் தனி மேசைக்கு மாற்றுங்கள். மரத்தில் பழைய மின்குமிழ் மாலை இருந்தால் அது சூடாகும். எல்இடி மாலையே நூல் அலங்காரத்துக்குப் பொருத்தம். தவழும் பிள்ளை இருக்கும் வீட்டில் பாசிமணி ஒட்டியவை எட்டாத உயரத்தில் இருக்கட்டும்.

மூன்று இராசாக்கள் திருநாள் முடிந்து ஜனவரி 6க்குப் பிறகு எல்லாவற்றையும் கழற்றியவுடன் டின்னில் அடைப்பது கடைசித் தவறு. அப்போதும் காற்றில் ஈரம் இருக்கும், மூடிக்குள் அகப்பட்ட ஈரம் பருத்தி நூலில் பூஞ்சணம் பிடிக்க வைக்கும். மழை ஓய்ந்து நல்ல வெயில் வந்த பின், நிறம் மங்காமல் நிழலில் இரண்டு நாள் உலர்த்தி, அப்புறம் மூடி வையுங்கள்.