பியூஸைப் பிடுங்கினால் பாக்கி வராது

வட சென்னையில் தண்டையார்பேட்டை, வியாசர்பாடி பக்கம் ஒரே வாசலுக்குள் மூன்று, நான்கு குடித்தனம் இருக்கும் வீடுகளில் வாடகைக்காக நடக்கும் சண்டையைவிட கரண்ட் பில்லுக்கும் மோட்டாருக்கும் நடக்கும் சண்டைதான் அதிகம். நான் பார்த்தவரை அப்படித்தான்.

ஓனர்கள் செய்யும் பெரிய தவறு, கோபத்தில் பியூஸ் கட்டையைப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொள்வது. இல்லையென்றால் மாடி டேங்க் வால்வை மூடுவது. மூன்று மாதப் பாக்கி நிஜமாகவே இருக்கலாம். ஆனால் பியூஸைத் தொட்ட நிமிஷமே தப்பு அவர் பக்கம் சாய்ந்துவிடுகிறது. 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த தமிழ்நாடு வாடகைச் சட்டத்தின்படி, தண்ணீரையும் மின்சாரத்தையும் ஓனர் தானாகவும் நிறுத்தக் கூடாது, ஆள் வைத்தும் நிறுத்தக் கூடாது. குடியிருப்பவர் வாடகை அதிகாரியிடம் மனு கொடுத்தால், விசாரணை முடிவதற்கு முன்பே இணைப்பைத் திருப்பித் தரச் சொல்லி இடைக்கால உத்தரவு வரலாம். பாக்கியைத் தனியாகக் கேட்டு வாங்க வேண்டியதுதான்.

அடுத்தது சப் மீட்டர், அதாவது ஒரே இணைப்பில் ஒவ்வொரு குடித்தனமும் ஓட்டும் யூனிட்டைக் காட்ட ஓனர் வைக்கும் தனி மீட்டர். ஒரே இணைப்பில் மூன்று குடித்தனம், இரண்டு மாதத்தில் 600 யூனிட், பில் 3,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். யூனிட்டுக்கு 5 ரூபாய் ஆகிறது. 240 யூனிட் ஓட்டிய வீடு 1,200 கொடுத்தால் போதும். "யூனிட்டுக்கு 9 ரூபாய்" என்று பேசியிருந்தால் அதே வீடு 2,160 கட்டுகிறது. இதில் ஓனரைத் திட்டி மட்டும் பயனில்லை. யூனிட் ஏற ஏற விலையும் ஏறும் கணக்கு இது. 100 யூனிட் இலவசமும் அந்த ஒரு இணைப்புக்கு ஒரு தடவைதான். மூன்று குடித்தனத்துக்கும் தனித்தனி இணைப்பு இருந்திருந்தால் மொத்தமே ஆயிரம் ரூபாயை எட்டியிருக்காது. தனி இணைப்பு கிடைக்காத வீட்டில் அசல் பில்லைக் காட்டி, அவரவர் யூனிட்டின் விகிதத்தில் பிரித்துக்கொள்வதுதான் நியாயம்.

எங்களுக்கே ஒரு அனுபவம் உண்டு. கீழ் வீட்டில் இருந்தபோது பில் மட்டும் ஏறிக்கொண்டே போனது. ஃப்ரிட்ஜ்தான் பழசு என்று எட்டு மாதம் அதையே திட்டினோம். ஒருநாள் விடியற்காலையில் எங்கள் மெயினை அணைத்தோம், மாடிக்குத் தண்ணீர் ஏற்றிக்கொண்டிருந்த மோட்டாரும் நின்றுவிட்டது. மொத்த வீட்டுக்குமான மோட்டார் எங்கள் மீட்டரில் ஓடியிருக்கிறது! குடி போகிற அன்றே மெயினை ஒரு தடவை அணைத்துப் பாருங்கள். மாடிப்படி விளக்கு, மோட்டார் எது நின்றாலும் அப்போதே பேசித் தீர்த்துக்கொள்ளலாம். மீட்டர் அன்று காட்டும் யூனிட்டையும் போட்டோ எடுத்து ஓனருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுங்கள்.

குடியிருப்பவர்கள் செய்யும் தவறு, கரண்ட் காசை ஓனர் கையில் ரொக்கமாகக் கொடுத்துவிட்டு மறந்துவிடுவது. அவர் கட்ட மறந்தால் மின்வாரியம் துண்டிப்பது நம் வீட்டைத்தான். வட சென்னை இணைப்பு எண் 01 என்று தொடங்கும். அதைக் கேட்டு வாங்கி வைத்துக்கொண்டால் ஆன்லைனில் நாமே கட்டலாம், ரசீதும் கையில் இருக்கும். மின்தடையோ பில் குழப்பமோ என்றால் மின்வாரியத்தின் புகார் மையமான மின்னகத்துக்கு 94987 94987 என்ற எண்ணில் புகார் சொல்லலாம்.

லாரித் தண்ணீருக்கு யார் காசு, குடிநீர் வரி யார் தலையில் என்பதை ஒப்பந்தத்தில் ஒரு வரி எழுதிவிட்டால் முடிந்தது.

"அட்வான்ஸில் கழிச்சிக்கங்க சார்" என்று கடைசி மூன்று மாத வாடகையை நிறுத்துவதும் வம்புதான். வேறுவிதமாக ஒப்பந்தம் செய்யாதவரை மூன்று மாத வாடகைக்கு மேல் அட்வான்ஸ் கேட்கக் கூடாது என்பது சட்டம். இங்கே வழக்கமோ பத்து மாதம். அந்தப் பணம் ஓனர் வீட்டுக் கல்யாணத்தில் எப்போதோ கரைந்திருக்கும். பாக்கியைக் கழித்துக்கொண்டு, காலி செய்த ஒரு மாதத்துக்குள் அவர் மீதியைத் திருப்பித் தர வேண்டும். கழிக்கும் தொகைக்குப் பில் நகல் கேட்டு வாங்குங்கள்.

"11 மாத ஒப்பந்தம்தானே, பதிவு எதற்கு?" என்பார்கள். ஒரு வருஷத்துக்குக் குறைந்தால் பதிய வேண்டாம் என்ற விலக்கு இந்த வாடகைச் சட்டத்தில் கிடையாது. எத்தனை மாதமானாலும் எழுத்தில் போட்டு, வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும்.