லிங்கனைப் பற்றி ஐந்து நிமிடம் பேச

மதுரைப் பள்ளிப் பேச்சுப்போட்டிக்கு அமெரிக்க அதிபர் ஆபிரகாம் லிங்கனை எடுத்தால் 450 சொல்லுக்குள் எழுதுங்கள். கூடினால், மணி அடிக்கும்போது கொலைக் கட்டம் பாதியில் நிற்கும்.

1809, கென்டக்கி, மரக்குடிசை: இரண்டு வரி போதும். மிச்ச நேரம் அவர் அதிபராக இருந்த, வட-தென் மாநிலங்களின் உள்நாட்டுப் போர் நடந்த 1861 முதல் 1865 வரைக்கு. பலர் சறுக்குவது இங்கேதான். லிங்கனின் 1863 ஜனவரி 1 அடிமை விடுதலைப் பிரகடனம் எல்லா அடிமைகளையும் விடுவிக்கவில்லை. கிளர்ச்சி செய்த தென்பகுதிகளுக்கு மட்டுமே அது பொருந்தும். நாடு முழுக்க அடிமைமுறையை ஒழித்தது 13ஆவது அரசியல் சட்டத் திருத்தம். அது அமலானது 1865 டிசம்பரில், அவர் இறந்தபின்.

மகனின் தலைமையாசிரியருக்கு எழுதினாராம் என்று சுற்றும் அந்தக் கடிதத்தைத் தொடாதீர்கள். கைதட்டு விழும்தான், ஆனால் லிங்கன் எழுதியதற்கு ஆதாரமே இல்லை.

கொலையை நம்ம ஊர் காந்தி மியூசியத்தில் தொடங்குங்கள். கேட்பவர்களில் பலர் அங்குள்ள காந்தியின் இரத்தக்கறைத் துணியைப் பார்த்திருப்பார்கள். காந்தி சுடப்பட்டது வெள்ளிக்கிழமை; லிங்கனும் அப்படியே. 1865 ஏப்ரல் 14 இரவு, வாஷிங்டனில் ஃபோர்டு நாடக அரங்கம். சுட்டவன் ஜான் வில்க்ஸ் பூத், நடிகன். உயிர் பிரிந்தது மறுநாள் காலை 7.22க்கு, எதிர்ப்புற வீட்டில். ‘அரங்கிலேயே இறந்தார்’ என்றால் மார்க் போகும்.