கூட்டுறவு வங்கி லோன் கேஸ் லோக் அதாலத்ல முடிஞ்ச கதை

கடலூர் முதுநகர்ல போட் இன்ஜின் ஸ்பேர்ஸ் கடைக்காக வீட்டுப் பத்திரத்த வச்சு ஒரு கூட்டுறவு வங்கில லோன் வாங்கியிருந்தேன், கொரோனால யாவாரம் படுத்து டியூ நின்னுபோச்சு, வட்டியும் அபராத வட்டியும் சேந்து அசல தாண்டிருச்சு. மேனேஜர்கிட்ட கேட்டா ஹெட் ஆபீஸ்தான் முடிவு பண்ணணும்னாரு. திங்கக்கிழமை கலெக்டர் ஆபீஸ்ல குடுத்த மனு சுத்தி அதே பிராஞ்சுக்கே வந்துச்சு. அதுக்குள்ள பேங்க் கோர்ட்டுக்குப் போயிருச்சு.

வேலைக்கு ஆனது, அந்த கேஸையே லோக் அதாலத்துக்கு, அதாவது ரெண்டு தரப்பையும் உக்கார வச்சுப் பேசி முடிக்கிற மக்கள் நீதிமன்றத்துக்கு, அனுப்பச் சொல்லி எங்க வக்கீல் போட்ட மனுதான். இதுக்கு கோர்ட் ஃபீஸ் கிடையாது. அசலோட கொஞ்சம் வட்டி, தவணைல கட்டுறதுன்னு பேசி முடிச்சாங்க. 1987 சட்டப்பணிகள் ஆணையச் சட்டம் 21வது பிரிவுப்படி அந்தத் தீர்ப்பு சிவில் கோர்ட் டிகிரிக்கு (தீர்ப்பாணைக்கு) சமம், அப்பீல் கிடையாது, அதனால பேங்கும் பின்வாங்க முடியாது.

பலபேர் கவனிக்காத விஷயம் ஒண்ணு இருக்கு. முழுப் பணத்தையும் கட்டி நோ டியூ லெட்டர் வாங்குனாலும் வில்லங்கச் சான்றுல அடமானம் அப்படியேதான் நிக்கும், கடன் அடஞ்சிருச்சுன்னு பேங்க் சார்பதிவாளர் ஆபீஸ்ல ரசீது ஆவணம் பதிஞ்சு குடுத்தாதான் தீரும். வக்கீல் சமரச மனுலயே அடமான ஆவண நம்பரையும் வருஷத்தையும் போட்டு, பேங்க் ரசீது எழுதிக் குடுக்கணும்னு ஒரு வரி சேத்திருந்தாரு. கடைசித் தவணை கட்டுனப்புறம் பிராஞ்ச்ல இழுத்தடிச்சப்ப அந்த வரியக் காட்டித்தான் கேட்டேன். கூடவே, லோன் முடிஞ்சு 30 நாளைக்குள்ள பத்திரத்த தராம பேங்க் தப்பால லேட்டானா நாளுக்கு 5,000 ரூபாய் குடுக்கணும்ங்குற 2023 ரிசர்வ் பேங்க் உத்தரவையும், அது தனிநபர் லோனுக்குப் போட்டது, கடை லோனுக்கு நேரா பொருந்தாதுன்னாலும், பிரிண்ட் எடுத்து நீட்டுனேன். பதிவுக்கு ஆள் அனுப்பிட்டாங்க. இப்ப வில்லங்கம் போட்டுப் பாத்தா ரசீது என்ட்ரி ஏறியிருக்கு, பத்திரமும் கைக்கு வந்துருச்சு, பெரிய நிம்மதி.